கத்தியின் நீளத்தைக் கேட்காத சட்டம்

தென்னாப்பிரிக்காவின் டர்பனுக்கு வேலைக்கு வரும் நம்மூர்ப் பிள்ளைகளுக்கென்று ஒரு வாட்ஸ்அப் குழு இருக்கிறது. வாடகை வீடு, நல்லெண்ணெய் கிடைக்கும் கடை, இருட்டிய பிறகு போகக் கூடாத தெரு என்று அதில் பேச்சு ஓடிக்கொண்டே இருக்கும். உம்லாங்காவில் புதிதாகக் குடியேறிய தம்பி ஒருவர் அண்மையில் கேட்டார்: "அக்கா, பாதுகாப்புக்கு ஒரு சின்னக் கத்தி பாக்கெட்டில் வைத்துக்கலாமா? எத்தனை இன்ச் வரைக்கும் விடுவாங்க?" கேட்டதுதான் தாமதம், பதில்கள் கொட்டின. நாலு இன்ச் என்றார் ஒருவர். மடக்குக் கத்தி என்றால் பரவாயில்லை, மடங்காத கத்திதான் குற்றம் என்றார் இன்னொருவர். லைசென்ஸ் வாங்க வேண்டும் என்றுகூட ஒருவர் அடித்துச் சொன்னார்.

தென்னாப்பிரிக்காவின் நாடு தழுவிய கத்திச் சட்டத்தில் இன்ச் கணக்கே கிடையாது. லைசென்ஸும் கிடையாது. நான் கல்யாணங்களுக்கும் கோயில் விசேஷங்களுக்கும் சமைத்துக் கொடுக்கிறவள். என் கார் டிக்கியில் எப்போதும் நாலைந்து கத்திகள் கிடக்கும். பிழைப்புக்கு வேண்டியிருந்ததால் இந்தச் சட்டத்தை உட்கார்ந்து படித்தேன். படிக்க அதிக நேரம் ஆகவில்லை, சில பக்கங்கள்தான். ஆனால் அந்தச் சில பக்கங்களைப் பற்றிய யோசனை இன்னும் முடியவில்லை.

அதன் பெயர் ஆபத்தான ஆயுதங்கள் சட்டம், 2013. நடைமுறைக்கு வந்தது 2014 ஜனவரியில். துப்பாக்கிக்குத் தனிச் சட்டம் இருப்பதால் அதை விட்டுவிட்டு, சட்டவிரோதமான காரியத்துக்குப் பயன்படுத்தினால் உயிரைப் பறிக்கவோ பலத்த காயம் உண்டாக்கவோ கூடிய எந்தப் பொருளும் ஆபத்தான ஆயுதம் என்கிறது. அப்படிப் பார்த்தால் என் பூசணி வெட்டும் கத்தி, ஸ்க்ரூ டிரைவர், கிரிக்கெட் மட்டை, ஏன், அம்மிக் குழவிகூட அதில் அடங்கும். ஆனால் வெறுமனே வைத்திருப்பது குற்றம் ஆகாது. இவர் இதை ஏதோ தப்புக் காரியத்துக்குத்தான் வைத்திருக்கிறார் என்று நியாயமான சந்தேகம் வரும்படியான சூழ்நிலையில் வைத்திருந்தால் குற்றம். அபராதமோ, மூன்று ஆண்டு வரை சிறையோ கிடைக்கும்.

அந்தச் சந்தேகம் நியாயமானதா என்று எதை வைத்து முடிவு செய்வது? அதற்கும் சட்டம் வழி சொல்கிறது. எந்த இடம், எந்த நேரம். ஆள் எப்படி நடந்துகொண்டார், யாரையாவது மிரட்டினாரா. பொருளை எப்படி எடுத்துப் போனார், எப்படிக் காட்டினார். போதைப்பொருள் வியாபாரம், கேங் சகவாசம் என்று பின்னணி ஏதும் உண்டா. கடைசியாக, அவர் சொல்லும் விளக்கம். விளக்கம் சொல்லியே ஆக வேண்டும் என்று கட்டாயமில்லை என்பதையும் சேர்த்தே எழுதியிருக்கிறார்கள்.

அந்தக் கடைசி வரியின் அருமை பழைய சட்டத்தைப் பார்த்தால்தான் தெரியும். 1968-ஆம் ஆண்டுச் சட்டம், நிறவெறி ஆட்சியின் நடுக்காலத்தில் போட்டது. அதன்படி ஆபத்தான ஆயுதம் உங்கள் கையில் இருந்தாலே நீங்கள் குற்றவாளி. எந்தக் கட்டத்திலும் எனக்குத் தப்பான எண்ணம் இருந்ததில்லை என்று நீங்கள்தான் நிரூபிக்க வேண்டும். மனசுக்குள் இல்லாத ஒன்றை இல்லை என்று எப்படி நிரூபிப்பது? 1994-க்குப் பிறகு வந்த அரசியல் சாசன நீதிமன்றம் இந்த மாதிரித் தலைகீழ் விதிகளை வேறு சட்டங்களிலிருந்து ஒவ்வொன்றாகத் தூக்கி எறிந்தது. 115 கிராமுக்கு மேல் கஞ்சா வைத்திருந்தால் அவர் விற்கிறவர்தான் என்று அனுமானித்துக்கொள்ளும் விதியை 1995-இல் நீக்கியது ஓர் உதாரணம். கத்திச் சட்டம் மட்டும் 2013 வரை அப்படியே இருந்தது. இப்போது அந்தச் சுமை போலீஸ் பக்கம் போய்விட்டது. தாளில்.

நம்மூரில் இது எப்படி என்று குழுவில் பேச்சு வந்தது. இந்திய ஆயுதச் சட்டம் இன்ச் கணக்குப் பார்க்கிற சட்டம். 9 அங்குலத்துக்கு மேல் நீளமோ 2 அங்குலத்துக்கு மேல் அகலமோ இருந்தால் கட்டுப்பாடு. வீட்டுக்கும் வயலுக்கும் தொழிலுக்கும் உள்ளவற்றுக்கு விலக்கு. இதிலும் கடைசியில் நோக்கம் உள்ளே வந்துவிடுகிறது பாருங்கள். திருப்பாச்சேத்தி அரிவாள் வயல் வரப்பில் கிடந்தால் கருவி, பிறந்தநாள் கேக் மேல் இறங்கினால் ஸ்டேஷனில் ஆள் உட்கார்ந்திருப்பார். 2021-இல் தமிழ்நாட்டுப் போலீஸ் அரிவாள் பட்டறைகளிடம் கேமரா வையுங்கள், வாங்குகிறவர் பெயரைக் குறித்து வையுங்கள் என்று சொன்னது நினைவிருக்கலாம். இங்கிலாந்தில் 1988 சட்டப்படி, 3 அங்குலத்துக்குள் அடங்கும் மடக்குக் கத்திக்கு மட்டும் விலக்கு. அதைத் தாண்டினால் நல்ல காரணம் இருக்கிறது என்று வைத்திருப்பவர்தான் காட்ட வேண்டும். கணக்கு சுத்தமாக இருக்கிறது, ஆனால் சமையல்காரிக்கு மூச்சு முட்டும். எனக்கு இந்த நாட்டுச் சட்டம்தான் பிடித்திருக்கிறது. பிடித்திருக்கிறது என்று சொல்லும்போதே ஓர் உறுத்தலும் இருக்கிறது. அதற்கு வருகிறேன்.

வெருலம் பக்கம் நெடுஞ்சாலையில் ஒருநாள் ராத்திரி போலீஸ் சோதனை. மறுநாள் டோங்காட்டில் கல்யாணம். அண்டா, கரண்டி, மசாலா டப்பா என்று வண்டி நிறைய சாமான். டிக்கியைத் திறக்கச் சொன்ன, சூலு இனத்துப் பெண் போலீஸ், துணியில் சுருட்டி வைத்திருந்த கத்திக் கட்டை விரித்துப் பார்த்தார். ஆட்டுக் காலை ஒரே போடில் துண்டாக்கும் கத்தியும் அதில் உண்டு.

"மா, இதெல்லாம் எதுக்கு?"

"கல்யாணத்துக்கு. அறுநூறு பேருக்கு பிரியாணி."

"மட்டனா?"

"இல்லை, சைவம்."

அவர் முகத்தில் உண்மையான ஏமாற்றம். கட்டைத் திரும்பச் சுருட்டி வைத்துவிட்டு, போகச் சொல்லிக் கையைக் காட்டினார். சட்டத்தில் இதற்கு நேரடி விலக்கே இருக்கிறது. சட்டப்படியான வேலைக்காக வைத்திருந்தால் இந்தச் சட்டம் பொருந்தவே பொருந்தாது. ஆனால் அந்த அம்மா என்னிடம் சான்று ஒன்றும் கேட்கவில்லை. நெற்றியில் பொட்டு, வண்டி நிறைய வெங்காய வாசனை, அம்மா வயசு. சட்டம் சொல்லும் சூழ்நிலை மொத்தமும் எனக்குச் சாதகமாக நின்றது.

என் சமையலறையில் உதவிக்கு வரும் பையன், கறுப்பின மக்கள் வாழும் புறநகரான குவாமாஷுவில் இருக்கிறான். இருபத்திரண்டு வயசு. வெங்காயம் அரிகிற வேகத்தைப் பார்த்தால் நம்மூர் தவசிப்பிள்ளைகளே கொஞ்சம் தள்ளி நிற்பார்கள். சம்பளத்தில் மிச்சம் பிடித்து நல்ல சமையல் கத்தி ஒன்று சொந்தமாக வாங்கினான். அதை வீட்டுக்கு எடுத்துப் போய்த் தீட்டி, காலையில் டாக்ஸியில் கொண்டுவருவான். இங்கே டாக்ஸி என்றால் பத்துப் பதினைந்து பேரை ஏற்றிக்கொண்டு ஓடும் வேன். ஒருநாள் டாக்ஸி நிலையத்தில் போலீஸ் அவன் பையைத் திறந்து பார்த்து, கத்தியை எடுத்துக்கொண்டுவிட்டார்கள். கைது இல்லை, வழக்கு இல்லை, ரசீதும் இல்லை. சமையல் வேலைக்குப் போகிறேன் என்று அவன் சொன்னதற்கு, எல்லாரும் அதைத்தான் சொல்கிறான் என்று பதில் வந்ததாம்.

அவனை நிறுத்தியவர்களும் சூலுக்காரர்கள்தான். இதைத் தோல் நிறத்தோடு மட்டும் முடித்துவிட முடியாது. வாலிபம், டாக்ஸி நிலையம், பழைய முதுகுப் பை, குவாமாஷு முகவரி, எல்லாம் சேர்ந்து ஒரு சூழ்நிலை ஆகிவிடுகிறது. சட்டப் புத்தகத்தில் இடம், நேரம், நடத்தை, விளக்கம் என்று இருக்கிற அதே பட்டியல்தான். எனக்கு அது கதவைத் திறந்தது. அவனுக்கு மூடியது. நீளத்தை அளக்காத சட்டம் ஆளை அளக்கிறது, அளவுகோல் தெருவில் நிற்கிறவர் கண்ணில் இருக்கிறது. 8 சென்டிமீட்டர் என்று ஒரு கணக்கு இருந்திருந்தால் நாங்கள் இரண்டு பேருமே மாட்டியிருப்போம். அது நியாயமா என்று கேட்டால் அதுவும் இல்லை.

அடுத்த கத்தி நான் வாங்கிக் கொடுத்தேன். "ஆன்ட்டி, இது இங்கேயே இருக்கட்டும்" என்று சொல்லிவிட்டான்.

என் மாமா, அதாவது வீட்டுக்காரரின் அப்பா, டோங்காட் கரும்புத் தோட்டத்தில் பிறந்தவர். 1860 நவம்பரில் ட்ரூரோ கப்பலில் தொடங்கி 1911 வரை நடாலுக்கு, அதாவது இன்றைய எங்கள் குவாசூலு-நடால் மாகாணத்துக்கு, ஒப்பந்தக் கூலிகளாக வந்து இறங்கியவர்கள் ஒன்றரை லட்சத்துக்கும் மேல். அதில் பெரும்பங்கு சென்னைத் துறைமுகத்தில் கப்பல் ஏறியவர்கள். கரும்பு வெட்டும் கத்தி அவர்கள் கையிலேயே வளர்ந்தது. பொழுது சாய்ந்தால் தோளில் கத்தியோடு ஆட்கள் வரிசையாக லயத்துக்குத் திரும்புவார்கள், யாரும் திரும்பிக்கூடப் பார்க்க மாட்டார்கள் என்பார் மாமா. இப்போது அந்த வேலையைச் செய்கிறவர்கள் பெரும்பாலும் கறுப்பின மக்கள். வெட்டுக் காலத்தில் விடியற்காலை வடகரைச் சாலையில் போனால் கரி படிந்த துணியும் கத்தியுமாக அவர்கள் நடந்து போவதைப் பார்க்கலாம். அதே ஆள் அதே கத்தியோடு இருபது நிமிஷம் தெற்கே உம்லாங்கா மால் வாசலில் நின்றால் செக்யூரிட்டி ஓடி வருவார்.

இங்கே நம் ஆட்கள் பெரிய வெட்டுக்கத்தியை புஷ் நைஃப் என்பார்கள். சாட்ஸ்வொர்த்தின் பங்களாதேஷ் மார்க்கெட்டில் பலாப்பழம் பிளக்கவும் தேங்காய் சீவவும் அதுதான். தோட்டத்துக்கும் அதுதான். அநேகமாக எல்லார் வீட்டுப் பின்கட்டிலும் ஒன்று இருக்கும். பாக்கெட் கத்தி என்றால் ஒகாபி. மரப்பிடியில் நிலாவும் நட்சத்திரமும் பதித்து, திறக்கும்போது கடகடவென்று பல்சக்கரச் சத்தம் போடும். 1902-இல் ஜெர்மனியில் ஆப்பிரிக்கக் காலனிகளுக்கு ஏற்றுமதி செய்யவென்றே தொடங்கியது. 1988-லிருந்து தயாரிப்பு தென்னாப்பிரிக்காவில், எங்கள் மாகாணத்தில் உள்ள இசித்தெபேயில். விலை மலிவு. பண்ணைக் கூலிகளும் வைத்திருப்பார்கள், கேங் பையன்களும் வைத்திருப்பார்கள். அந்தச் சத்தம் கேட்டால் சிலருக்கு ஆரஞ்சுப் பழம் ஞாபகம் வரும், சிலருக்கு வயிறு கலங்கும்.

சட்டத்தில் எனக்கு மிகவும் பிடித்த இடம் மத, பண்பாட்டு நிகழ்ச்சிகளுக்கான விலக்கு. இங்கே கல்யாணத்துக்கு முந்தின ராத்திரி காய் நறுக்கும் கூட்டம் என்று ஒன்று நடக்கும். தெருப் பெண்கள் எல்லாரும் அவரவர் கத்தியையும் பலகையையும் எடுத்துக்கொண்டு மண்டபத்துக்கு வருவார்கள். சொந்தக் கத்திதான் கைக்கு ஒத்துவரும் என்பது கட்சி. வெள்ளிக்கிழமை ராத்திரி எட்டு மணிக்கு இந்திய வம்சாவளியினர் அதிகம் வாழும் பீனிக்ஸின் தெருவில் முப்பது பெண்கள் கத்தியோடு நடப்பதைப் புதிதாகப் பார்க்கிறவர் என்ன நினைப்பாரோ. கிழங்கு, பீன்ஸ், ஊர் வம்பு எல்லாம் சேர்ந்து நறுக்குப்படும். தைப்பூசத்தில் வேலும் கொக்கியுமாகக் காவடிகள் தெருவில் போகும். ஆடியில் மாரியம்மனுக்குக் கூழ் ஊற்றுவார்கள், சில வீடுகளில் கோழி அறுப்பார்கள். சமயச் சடங்குக்காக அறுப்பதற்கு இறைச்சிச் சட்டத்திலும் விலக்கு இருக்கிறது.

இதையெல்லாம் சலுகை என்று நினைத்துவிடக் கூடாது. 2007-இல் அரசியல் சாசன நீதிமன்றம் தீர்த்த பிள்ளை வழக்கு இங்குள்ள தமிழர்களுக்கு நன்றாகவே தெரியும். டர்பன் பள்ளி ஒன்றில் படித்த தமிழ்ப் பெண்ணுக்கு மூக்குத்தி போடத் தடை. பண்பாட்டின்படி விருப்பத்தோடு செய்வதற்கும் பாதுகாப்பு உண்டு, சமயம் கட்டாயப்படுத்தியிருக்க வேண்டும் என்று அவசியமில்லை என்றது தீர்ப்பு. மூக்குத்தி எங்கே, கத்தி எங்கே என்று கேட்கலாம். பண்பாடு என்ற சொல்லுக்கு இந்த நாட்டுச் சட்டம் எவ்வளவு கனம் தருகிறது என்பது அதில் தெரிகிறது.

ஆனால் இந்த மாகாணத்தில் பண்பாட்டு ஆயுதம் என்றால் முதலில் நினைவுக்கு வருவது எங்கள் காவடி வேல் இல்லை. 1990-களின் தொடக்கத்தில் ஈட்டியும் கேடயமும் தடியும் எங்கள் மரபு, அவற்றோடுதான் ஊர்வலம் போவோம் என்று சூலு மக்களின் இன்காத்தா கட்சி நின்றது. எதிர்த்தரப்பு அவற்றைக் கொலைக் கருவிகள் என்றது. நடாலின் ஊர்களில் இரண்டு பக்கமும் பிணங்கள் விழுந்துகொண்டிருந்த காலம். 1994 மார்ச் 28 அன்று, முதல் பொதுத்தேர்தலுக்கு ஒரு மாதம்கூட இல்லாதபோது, ஜோகன்னஸ்பர்க்கில் இன்காத்தா ஆதரவாளர்கள் அப்படித்தான் ஊர்வலம் போனார்கள். ஆப்பிரிக்க தேசிய காங்கிரஸின் தலைமையகமான ஷெல் ஹவுஸ் முன்னால் துப்பாக்கிச் சூடு நடந்தது, பலர் செத்தார்கள். பிறகு 2012 ஆகஸ்ட் 16, மரிக்கானா. வேலைநிறுத்தம் செய்த சுரங்கத் தொழிலாளர்கள் கையில் வெட்டுக்கத்தியும் ஈட்டியும் தடியும் இருந்தன. போலீஸ் சுட்டதில் 34 பேர் மாண்டார்கள்.

அதனால்தான் புதிய சட்டம் பண்பாட்டுக்கு ஒரு கதவைத் திறந்து, அரசியலுக்கு அதைச் சாத்தியது. செப்டம்பரில் சூலு மன்னரின் நொங்கோமா அரண்மனையில் நடக்கும் நாணல் விழாவுக்கு சூலு வீரர்கள் ஈட்டியோடு வரலாம். அதே ஈட்டியை அரசியல் பேரணிக்கோ ஆர்ப்பாட்டத்துக்கோ கொண்டுவரக் கூடாது. பொதுக்கூட்டச் சட்டத்தில் இதற்காகவே திருத்தம் போட்டார்கள், அங்கே ஆபத்தான ஆயுதம் வைத்திருப்பதே குற்றம், சந்தேகம் எதுவும் தேவையில்லை. விழாவும் பேரணியும் இவ்வளவு சுத்தமாகப் பிரிந்து நிற்குமா என்பது வேறு விஷயம்.

2021 ஜூலையைப் பற்றி எழுத வேண்டாம் என்றுதான் நினைத்தேன். ஆனால் அதை விட்டுவிட்டு டர்பனில் கத்தி பற்றி எழுதினால் அது முழுக்கட்டுரை ஆகாது. முன்னாள் ஜனாதிபதி ஜேக்கப் ஜூமா சிறைக்குப் போனதை அடுத்து குவாசூலு-நடாலிலும் ஜோகன்னஸ்பர்க் இருக்கும் கௌட்டெங் மாகாணத்திலும் கடைகள் சூறையாடப்பட்டன, கிடங்குகள் எரிந்தன, 350-க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். போலீஸ் கண்ணிலேயே படவில்லை. எங்கள் தெருமுனையில் ஆண்கள் டயரும் கட்டையும் போட்டு வழியை அடைத்து நின்றார்கள். சிலர் கையில் மட்டை, சிலர் கையில் புஷ் நைஃப், சிலரிடம் துப்பாக்கி. உள்ளே பால் இல்லை, ரொட்டி இல்லை. பெண்கள் தேநீர் போட்டுக் கொடுத்தோம். பயம் உண்மையானது. பீனிக்ஸில் மட்டும் அந்த நாள்களில் 36 பேர் செத்தார்கள் என்பதும் உண்மை. பெரும்பாலோர் கறுப்பின மக்கள், பெரும்பாலோர் துப்பாக்கிக் குண்டுக்குப் பலியானவர்கள். வேலைக்குப் போனவர்கள், வீடு திரும்பியவர்கள் என்று அந்தக் குடும்பங்கள் மனித உரிமை ஆணையத்தின் முன்னால் வந்து சொன்னதைக் கேட்டோம்.

தெருமுனையில் நின்ற எங்கள் ஆட்களும் ஒரு விதத்தில் அந்தப் போலீஸ்காரர் வேலையைத்தான் செய்தார்கள். இடம், நேரம், நடத்தை பார்த்து வருகிறவர் யோக்கியரா என்று முடிவு கட்டினார்கள். அவர்களுக்குச் சட்டம் தெரியாது, மேலே கேள்வி கேட்க ஆளும் இல்லை. கையில் ஆயுதத்தோடு நின்றுகொண்டு, வெறுங்கையோடு வந்தவரைச் சந்தேகப்பட்டார்கள். குவாமாஷு பீனிக்ஸை ஒட்டித்தான் இருக்கிறது. என் உதவிப் பையன் அந்த வாரம் முழுக்க வேலைக்கு வரவில்லை, நானும் வரச் சொல்லவில்லை. அதைப் பற்றி நாங்கள் இன்றுவரை பேசியதும் இல்லை.

சரி, குழுவில் கேட்ட தம்பிக்கு என்ன சொன்னேன்? தற்காப்பு சட்டவிரோத நோக்கம் ஆகாது, தாக்க வருகிறவரிடமிருந்து காத்துக்கொள்ள அளவான பலத்தைப் பயன்படுத்த உரிமை உண்டு. ஆகவே பாக்கெட் கத்தி வைத்திருந்தால் மட்டும் குற்றமில்லை. ஆனால் பள்ளிக்கூடத்துப் பக்கம் அதோடு போகாதீர்கள், அரசுப் பள்ளி வளாகங்கள் 2001-லிருந்தே ஆயுதம் இல்லாத பகுதிகள். நீதிமன்றம், அரசு அலுவலகம் போன்ற இடங்களில் வாசலில் சோதனை போட 1985-ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று அனுமதிக்கிறது. மால்காரர் வேண்டாம் என்றால் வாதாடாமல் காரில் வைத்துவிட்டு வாருங்கள். மதுக்கடைக்கும் பேரணிக்கும் கத்தி வேண்டாம். நகராட்சித் துணை விதிகளை ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள். இத்தனையும் எழுதிவிட்டு, 2022-23 ஆண்டில் மட்டும் 27,000-க்கு மேல் கொலை நடந்த நாட்டில் துப்பாக்கியோடு வருகிறவன் முன்னால் அந்தச் சின்னக் கத்தியை எடுத்தால் பிழைக்கிற வழியும் அடைபட்டுவிடும், போனைக் கொடுத்துவிட்டு வீடு வந்து சேருங்கள் என்றும் எழுதினேன். கட்டைவிரல் ஒன்றைத் தூக்கிக் காட்டினார். வாங்கினாரா என்று தெரியாது.

பையனுக்கு ஒரு கடிதம் எழுதிக் கொடுத்தேன். இவர் என்னிடம் சமையல் வேலை பார்க்கிறார், இந்தக் கத்தி வேலைக்கானது என்று, என் போன் நம்பரோடு. பிளாஸ்டிக் உறையில் போட்டு வைத்துக்கொண்டான், ஆனால் கத்தியை எடுத்துப் போகவில்லை. பிறகு மாலை நேரச் சமையல் வகுப்பு ஒன்றில் சேர்ந்தான். அங்கே எல்லா மாணவர்களும் சொந்தக் கத்தி கொண்டுவர வேண்டும். வேறு வழியில்லை. வெள்ளைச் சமையல் கோட்டு போட்டுக்கொண்டு டாக்ஸி ஏறினால் யாரும் பையைத் தொடுவதில்லை என்று அவனே கண்டுபிடித்தான். நெஞ்சில் வகுப்பின் பெயர் தைத்த கோட்டு. கடிதத்தை இதுவரை யாரும் கேட்கவில்லையாம்.

டாக்ஸி நெரிசலில் வெள்ளைக் கோட்டு எத்தனை நேரம் வெள்ளையாக இருக்கும்? இங்கே வந்ததும் அதைக் கழற்றி மாட்டிவிட்டு, பழைய சட்டையைப் போட்டுக்கொண்டுதான் வெங்காயத்தில் கை வைக்கிறான். தினம் ராத்திரி துவைத்துக் காயப்போட்டு மாளவில்லை என்றான். இரண்டாவதாக ஒரு கோட்டு தைக்கக் கொடுத்திருக்கிறேன்.